அடிமைத்தனம் பற்றிய படப்புத்தகங்களைத் தரம் 4 பிள்ளைகளுக்கு வாசிக்கலாமா?

அக்கரைப்பற்றுப் பக்கம் தரம் 4 படிப்பிக்கும் தங்கச்சி ஒருவர் கேட்டிருக்கிறார். பாடசாலையின் பழைய மாணவர் ஒருவர் வெளிநாட்டிலிருந்து அனுப்பிய புத்தகப் பெட்டிக்குள், அமெரிக்க அடிமைத்தனம் பற்றிய ஆங்கிலப் படப்புத்தகங்கள் மூன்று இருக்கின்றனவாம். ஒன்று மரப்பெட்டிக்குள் ஒளிந்து தப்பிய ஹென்றி பிரவுண் பற்றியது. ஒன்று, தானும் தப்பி, திரும்பிப் போய் மற்றவர்களையும் மீட்ட ஹரியட் டப்மன் பற்றியது. மற்றது, அடிமையாகப் பிறந்து பின்னர் பெரிய எழுத்தாளரான பிரெடரிக் டக்ளஸ் எழுத்துப் படித்த கதை. படங்கள் அழகாக இருக்கின்றன, ஆனால் ஒன்பது வயதுப் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லலாமா என்று கேட்கிறார். "நம்மட புள்ளயளுக்கு இது எதுக்கு?" என்று அதிபரும் கேட்டாராம்.

சொல்லலாம். சொல்லத்தான் வேண்டும். நான் ஆரம்பப் பிரிவில் படிப்பித்து ஓய்வு பெற்றவள். இப்போது மட்டக்களப்புக் கல்லடியில் ஒரு வாசிகசாலையில் சனிக்கிழமைகளில் பிள்ளைகளுக்குக் கதை வாசிக்கிறேன். இந்த வகைப் புத்தகங்களைப் பல வருடங்களாக வாசித்து, சிலதைப் பிழையாகவும் செய்துதான் படித்தேன். அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் ஒரு சின்ன விஷயம். சின்னது என்று சொல்கிறேனே தவிர எனக்கு இதுதான் பெரியது. புத்தகம் ஆங்கிலம், நாம் சொல்வது தமிழ். ஆங்கிலத்தில் அடிமையாக இருந்தவருக்கும் அவரை வாங்கியவருக்கும் 'he' என்ற ஒரே சொல், ஒரே வினை. தமிழில் அப்படி முடியாது. வாய் திறந்தவுடன் 'வந்தானா, வந்தாரா' என்று தீர்மானித்தாக வேண்டும். நம் வாய்க்குப் பழகிய பாதை எது? "எசமான் வந்தார், அடிமை ஓடி வந்தான்." நானும் முதல் வருடம் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன், கவனிக்கவே இல்லை. கதை முடிந்ததும் ஒரு சிறுமியைத் திருப்பிச் சொல்லச் சொன்னேன். அவள் எழும்பி, "அந்த ஐயா நல்லவர் டீச்சர், சாப்பாடெல்லாம் குடுத்தவர். அவன்தான் சொல்லாமக் கொள்ளாம ஓடினவன்" என்றாள். அந்தப் புத்தகத்தில் அப்படி ஒரு வரியும் இல்லை. அவளுக்கு அதைச் சொல்லிக்கொடுத்தது என் வினைமுற்று.

அதற்குப் பிறகு "ஹென்றி வந்தார், ஹென்றி அழுதார்" என்றுதான் சொல்கிறேன். வாங்கியவருக்கும் அதே 'ஆர்'தான், கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. இரண்டாவது பக்கத்திலேயே யாராவது ஒரு பிள்ளை கேட்கும்: "ஏன் டீச்சர் அடிமைக்கு அவர் எண்டு சொல்றீங்க?" அந்தக் கேள்வி வந்தால் புத்தகத்தை மூடி மடியில் வையுங்கள். "நாம யாருக்கெல்லாம் அவன், இவன் எண்டு சொல்றம்?" என்று திருப்பிக் கேளுங்கள். எங்கள் வாசிகசாலையில் வந்த பதில்கள்: தம்பிக்கு, கள்ளனுக்கு, நாய்க்கு, தேங்காய் பிடுங்க வாறவனுக்கு, கான் துப்புரவாக்க வாறவனுக்கு. "தேங்காய் பிடுங்க வாறவருக்கு எத்தின வயசு?" என்று கேட்டேன். "எங்கட அம்மப்பா வயசிருக்கும்" என்றான் ஒருவன். சொன்ன பிறகு அவனே கொஞ்சம் யோசித்தான். நான் கரும்பலகையில் ஒன்றும் எழுதவில்லை, விளக்கமும் கொடுக்கவில்லை. கதையைத் தொடர்ந்தேன்.

இதே போல 'முதலாளி' என்ற சொல்லையும் தவிர்த்துவிடுங்கள். நம் ஊரில் கடைக்காரர் முதலாளி, அரிசி ஆலைக்காரர் முதலாளி, சில பிள்ளைகளின் வாப்பாவே முதலாளி. அந்தப் பிள்ளை வீட்டுக்குப் போய் என்ன நினைக்கும்? 'எசமான்' என்றால் படத்தில் வரும் ஆளுக்கு ஒரு கம்பீரம் வந்துவிடுகிறது. நான் "அவரை விலைக்கு வாங்கி வைத்திருந்தவர்" என்று முழுதாகவே சொல்கிறேன். நீளம்தான், ஆனால் ஒவ்வொரு தடவை சொல்லும்போதும் நடந்தது என்ன என்பது பிள்ளையின் காதில் விழும்.

அப்புறம் 'அடிமை' என்ற சொல். நம் பிள்ளைகள் இதை முதலில் கேட்பது வரலாற்றில் இல்லை, வழிபாட்டில். கோயிலில் அடியார், அடியேன். பள்ளிவாசலில் அல்லாஹ்வின் அடியான். அப்துல் என்று தொடங்கும் பெயர் ஒவ்வொன்றுக்கும் அதுதான் பொருள். தேவாலயத்திலும் ஆண்டவருக்கு ஊழியன். இன்னொரு பக்கம், வீட்டில் "போனுக்கு அடிமையாப் போனான்" என்று பேச்சு. ஆகவே சொல் இனிப்பாகவோ விளையாட்டாகவோதான் பிள்ளையின் மனதில் இருக்கிறது. புத்தகம் தொடங்குமுன் ஐந்து நிமிடம் இந்தச் சொல்லோடு இருங்கள். ஒருவர் தானாக விரும்பி இறைவனுக்கு அடிமை என்று சொல்வது வேறு. ஒருவரை இன்னொருவர் பிடித்து, விலை பேசி, அடிமை ஆக்குவது வேறு. நான் 'அடிமையாக்கப்பட்டவர்' என்று சொல்வது அதனால்தான். 'ஆக்கப்பட்டவர்' என்றால் உடனே "ஆர் ஆக்கின?" என்ற கேள்வி வரும். 'அடிமை' என்று மட்டும் சொன்னால், கறுப்பு, உயரம் போல அதுவும் பிறவியிலேயே வந்த ஒன்று என்று பிள்ளை எடுத்துக்கொள்ளும்.

ஒரு சனிக்கிழமை தரம் 5 பையன் ஒருவன், சைவநெறிப் பாடத்தில் சுந்தரர் கதையைப் படித்துவிட்டு வந்து கேட்டான். "சுந்தரரும் அடிமைதானே டீச்சர்? கலியாண வீட்டுக்குக் கிழவர் ஓலை கொண்டு வந்தாரே?" எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. 'நானும் என் வழிவந்தவர்களும் உனக்கு அடிமை' என்று பாட்டன் எழுதிக்கொடுத்த ஓலை பேரனையும் கட்டும் என்பதுதான் அந்தக் கிழவரின் வழக்கு. சுந்தரர் கதையில் கிழவராக வந்தவர் இறைவன், அது அருளில் முடிகிறது. உலகத்தில் நடந்ததில் பாட்டன் எழுதிக்கொடுக்கவும் இல்லை. ஆனாலும் தாய் அடிமை என்றால் பிறக்கும் பிள்ளையும் அடிமை என்று சட்டம் எழுதி வைத்திருந்தது. பிள்ளைகளுக்கு இந்த ஓலை நன்றாகவே விளங்குகிறது. முஸ்லிம் பிள்ளைகள் இருக்கும் வகுப்பில் பிலால் நாயகத்தின் கதை தானாக வரும்: மக்காவில் அடிமையாக வைத்து வதைக்கப்பட்டவர், விடுதலையாகி முதல் பாங்கு சொன்னவர். கிறிஸ்தவப் பிள்ளைகள், எகிப்தில் அடிமைப்பட்டிருந்த மக்களை மீட்ட மோசேயைக் கொண்டுவருவார்கள். வரட்டும். அமெரிக்காவுக்குப் போகுமுன் இந்த வாசல்களால் போவது நல்லது.

இனி அதிபரின் கேள்வி. நம் பிள்ளைகளுக்கு இது எதற்கு?

மட்டக்களப்புப் புளியந்தீவுக் கோட்டையை நம் பிள்ளைகள் சுற்றுலாவில் பார்க்கிறார்கள். போர்த்துக்கேயர் 1628இல் கட்டியது, 1638இல் ஒல்லாந்தர் பிடித்தது. இரண்டு பேருமே கடல் தாண்டி மனிதரை வாங்கி விற்றவர்கள். கொழும்பில் நாம் கொம்பனித்தெரு என்று சொல்லும் இடத்துக்கு நெடுங்காலம் இருந்த ஆங்கிலப் பெயர் ஸ்லேவ் ஐலண்ட், அதாவது அடிமைத் தீவு. ஒல்லாந்தக் கம்பனி தன் அடிமைகளை இரவில் வைத்திருந்த இடம் அது. யாழ்ப்பாணத்தில் சில சாதியினரையே அடிமைகள் என்று சட்டம் பதிவு செய்தது. நம் மட்டக்களப்பின் பழைய குடிவழக்கைப் படித்தவர்களுக்குச் 'சிறை' என்ற சொல் தெரியும். சிறைச்சாலை அல்ல, ஒரு குடிக்குத் தலைமுறை தலைமுறையாக ஊழியம் செய்யக் கட்டுப்பட்டவர்களைக் குறித்த சொல். ஆகவே இதை வெளிநாட்டுச் சங்கதி என்று ஒதுக்க முடியாது. ஆனால் ஒன்று: தரம் 4 வகுப்பில் எந்தச் சாதியின் பெயரையும் சொல்ல வேண்டாம். முப்பது பிள்ளைகளில் யாருடைய வீட்டை நாம் தொடுகிறோம் என்று நமக்குத் தெரியாது. அதைப் பெரிய வகுப்பில், கவனமாக, வேறு விதமாகச் செய்ய வேண்டும்.

சின்னப் பிள்ளைகளுக்கு நான் சொல்லும் இலங்கைக் கதை ஒன்றே ஒன்று. 1816இல், பிரதம நீதியரசராக இருந்த அலெக்சாண்டர் ஜோன்ஸ்டனின் தூண்டுதலில், அடிமைகளை வைத்திருந்த ஜூரிமார் பலர் ஒரு முடிவு எடுத்தார்கள்: அந்த வருடம் ஆகஸ்ட் 12 முதல் தங்கள் அடிமைகளுக்குப் பிறக்கும் பிள்ளைகள் சுதந்திரப் பிள்ளைகள். இங்கிலாந்தின் ஆட்சிப் பொறுப்பில் இருந்த இளவரசரின் பிறந்தநாள் அது. நான் இதை நல்ல செய்தியாகத்தான் சொன்னேன். பின்வரிசையில் இருந்த பிள்ளை உடனே கேட்டது: "அப்ப 11ஆம் திகதி பிறந்த புள்ள?"

என்னிடம் பதில் இருக்கவில்லை, இருந்ததும் ஒரே பதில்தான். அந்தப் பிள்ளை அடிமை. தம்பியோ தங்கச்சியோ பிறந்தால் அவர்கள் சுதந்திரம், அக்கா அடிமை. 1833இல் பிரித்தானியா தன் பேரரசில் அடிமைத்தனத்தை ஒழிக்கும் சட்டம் போட்டபோதுகூட இலங்கையை அதில் சேர்க்கவில்லை. இங்கே சட்டம் முழுதாக ஒழித்தது 1844இல். அப்போது அந்த அக்காவுக்கு 28 வயது நடக்கும். கணக்குப் பாடத்தில் கழித்தல் தெரிந்த பிள்ளைகள் இதைத் தாங்களே போட்டுப் பார்த்தார்கள். எத்தனையோ பக்க விளக்கம் செய்யாததை அந்த ஒரு கழித்தல் செய்தது.

படங்களைப் பற்றி. எழுத்தை வாசிக்குமுன் படத்தை மட்டும் காட்டுங்கள். யார் பெரிதாக இருக்கிறார்? யாருடைய கண் நம்மைப் பார்க்கிறது? யாருக்குப் பெயர் இருக்கிறது, யார் பெயரில்லாமல் சும்மா நிற்கிறார்? எல்லோரும் சிரித்துக்கொண்டிருக்கும் படமென்றால் சந்தேகப்படுங்கள். 2016 ஜனவரியில் அமெரிக்காவின் ஸ்கொலாஸ்டிக் நிறுவனம் ஒரு படப்புத்தகத்தை வெளியிட்டு இரண்டு வாரத்துக்குள்ளேயே திரும்பப் பெற்றது. ஜோர்ஜ் வாஷிங்டனுக்குப் பிறந்தநாள் கேக் செய்யும் அடிமைச் சமையல்காரர் ஹெர்குலிஸும் மகளும் அதில் முகம் மலரச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். நிஜ ஹெர்குலிஸ் 1797 பெப்ரவரி 22இல் தப்பி ஓடிவிட்டார். அது வாஷிங்டனின் பிறந்தநாள். நல்லெண்ணத்தோடு செய்த புத்தகமும் இப்படிப் பொய் சொல்லும்.

நிறம் பற்றியும் பேசாமல் இருக்க முடியாது. பக்கத்தைத் திருப்பியவுடன் சில பிள்ளைகள் சிரிக்கும். 'கறுவல்' என்று முணுமுணுக்கும். 'காப்பிலி' என்ற சொல்லும் வரலாம். அது இங்கே கொண்டுவரப்பட்ட ஆபிரிக்கரின் வழிவந்தவர்களைக் குறித்த சொல், நம் வாயில் வசையாகிப் போனது. அவர்களின் குடும்பங்கள் புத்தளத்துக்குப் பக்கத்தில் சிரம்பியடியில் இன்றும் வாழ்கின்றன என்று சொல்லுங்கள். சிரித்த பிள்ளையை அதட்ட வேண்டாம். படம் கீறக் கொடுத்தபோது நான் பார்த்தது இது: கறுப்பு மக்களுக்குக் கறுப்புப் பஸ்டல், தங்களைக் கீறும்போது அந்த வெளிறிய ரோஸ் பஸ்டல். அதற்குப் பெயரே பிள்ளைகளிடம் 'தோல் நிறம்'. நான் அந்தப் பஸ்டலை ஒரு பிள்ளையின் முழங்கையில் வைத்துக் காட்டினேன். பிறகு மண்ணிறத்தை வைத்தேன். அன்றைக்கு மண்ணிறப் பஸ்டல் பெட்டிகளில் தேய்ந்து முடிந்தது.

ஹென்றி பிரவுணின் புத்தகத்துக்கு ஒரு சோக்குக் கட்டியும் அளவு நாடாவும் போதும். 1849இல் வர்ஜீனியாவின் ரிச்மண்ட் நகரத்திலிருந்து பிலடெல்பியாவுக்கு, பார்சல் போல, ஒரு மரப்பெட்டிக்குள் தன்னையே அனுப்பியவர் அவர். பெட்டி சுமார் மூன்று அடி நீளம், இரண்டு அடி அகலம், இரண்டரை அடி உயரம். சீமெந்துத் தரையில் அந்த மூன்றடிக்கு இரண்டடியைச் சோக்கால் கீறினோம். உயரத்துக்குச் சுவரில் ஒரு கோடு. ஒரு பையன் உள்ளே போய் முழங்காலை நெஞ்சோடு மடித்து இருந்தான். முதலில் எல்லோருக்கும் சிரிப்பு. மூன்று நிமிடத்தில் "கால் விறைக்குது டீச்சர்" என்றான். அவர் அதற்குள் 27 மணித்தியாலம் இருந்தார். சில நேரம் பெட்டியைத் தலைகீழாகவும் வைத்துவிட்டார்கள். இன்றைக்குக் காலை எட்டு மணிக்கு ஏறினால் நாளைக்குப் பகல் பதினொரு மணி. அந்தச் சோக்குக் கோட்டை நான் அழிக்கவில்லை. வாரம் முழுக்க மற்ற வாசகர்கள் அதைத் தாண்டித்தான் போனார்கள்.

ஆனால் இந்தக் கதையைப் பெட்டி திறந்த இடத்தில் நிறுத்திவிடாதீர்கள். அவர் தப்பி ஓடத் துணிந்ததே முந்திய வருடம் மனைவியையும் பிள்ளைகளையும் விற்றுவிட்டார்கள் என்பதால்தான். பெட்டியிலிருந்து எழும்பி வந்த மனிதருக்குச் சுதந்திரம் கிடைத்தது, அவர்கள் கிடைக்கவில்லை. "மறுகா பிள்ளையள் வந்ததா?" என்று கேட்பார்கள். இல்லை என்று சொல்லுங்கள். ஆறுதலுக்காகப் பொய்யான முடிவு கட்ட வேண்டாம்.

இப்போது கஷ்டமான இடத்துக்கு வருகிறேன். விற்கப்பட்ட தாயை வண்டியில் ஏற்றிக்கொண்டு போகும் பக்கத்தை நான் காட்டிக்கொண்டிருந்தபோது ஒரு பிள்ளை கேட்டது: "என்ட அம்மாவும் அடிமையா டீச்சர்?" அம்மா குவைத்தில் வீட்டு வேலை. போய் மூன்று வருடம். நான் பதறிப்போய், "இல்ல இல்ல, அது வேற" என்று அவசரமாகப் பக்கத்தைத் திருப்பிவிட்டேன். அந்தப் பிள்ளை அன்றைக்கு அதற்குப் பிறகு ஒரு சொல்லும் பேசவில்லை. நான் செய்த பெரிய பிழை அது. மட்டக்களப்பு, அம்பாறை என்ற நம் இரண்டு மாவட்டங்களிலும் எந்த வகுப்பை எடுத்தாலும் வெளிநாட்டில் தாய் இருக்கும் பிள்ளை இருக்கும் என்பது எனக்குத் தெரியாததா?

அடுத்த கிழமை அவளைத் தனியாகக் கூப்பிட்டு, பக்கத்தில் இருத்திக் கதைத்தேன். "உன்ட அம்மா உனக்காகத் தானாத்தான் போனவ. சம்பளம் வருது. அவவ ஒருத்தரும் விற்கல்ல, வாங்கல்ல. முடிஞ்சா திரும்பி வருவா. அதனால அடிமை இல்ல." அதோடு நிறுத்தவில்லை. "ஆனா சில வீடுகளில பாஸ்போட்டப் பறிச்சு வச்சிருவாங்க, சம்பளம் குடுக்கமாட்டாங்க, கதவப் பூட்டிருவாங்க. அது அடிமை மாதிரித்தான். அது குற்றம். அப்பிடி ஒண்டு நடந்தா யாரிட்டயும் சொல்லலாம், வெக்கப்படத் தேவையில்ல." அவள் "அம்மா ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் கோல் எடுப்பா" என்றாள். "அப்ப இந்தக் கதைய அம்மாக்குச் சொல்லு" என்றேன்.

ஆகவே தங்கச்சி, அந்தப் பக்கம் வருமுன் உங்கள் வகுப்பில் யாருடைய தாய் வெளிநாட்டில் என்று பெயர் பெயராகத் தெரிந்து வைத்திருங்கள். யுத்தத்தில் ஆளைக் கொண்டுபோய்த் திரும்பி வராத வீடுகளும் அப்படித்தான். இப்போதுள்ள பிள்ளைகள் அதைப் பார்க்காவிட்டாலும், மாமாவின் படத்துக்கு முன்னால் அம்மம்மா அழுவதைப் பார்த்து வளர்ந்தவர்கள். ஆளைப் பிடித்து இழுத்துப்போகும் படம் ஒன்று இருந்தால் அதை முதல்நாளே வீட்டாருக்குக் காட்டுங்கள். யாராவது வேண்டாம் என்றால் அந்தப் பிள்ளைக்கு அன்றைக்கு வேறு புத்தகம் கொடுங்கள்.

வயது பற்றிச் சுருக்கமாக: தரம் 1, 2க்குச் சவுக்கு, இரத்தம் ஒன்றும் தேவையில்லை, தரம் 3, 4க்குக் குடும்பம் பிரிவதைத் தாங்க முடியும், பக்கத்தில் நீங்கள் இருந்தால். ஆபிரிக்காவிலிருந்து சுமார் ஒரு கோடி இருபத்தைந்து இலட்சம் பேரைக் கப்பலேற்றினார்கள், அதில் பதினெட்டு இலட்சம் பேரளவில் கரை சேரவில்லை என்ற கணக்கைத் தரம் 6க்கு மேல் வையுங்கள். சின்னவர்களுக்கு அது வெறும் சைபர்கள்.

ஹரியட் டப்மன் புத்தகத்தில் ஒரு கவனம். பழைய புத்தகங்களில் பத்தொன்பது தடவை போய் 300 பேரை மீட்டார் என்று இருக்கும். இப்போது ஆய்வாளர்கள் ஏற்பது சுமார் 13 பயணம், 70 பேரளவில். பிள்ளைகளிடம் சரியான எண்ணையே சொல்லுங்கள். தலைக்கு விலை வைக்கக்கூடிய ஊருக்குள் ஒரு பெண் பதின்மூன்று தடவை திரும்பிப் போனார் என்பதே போதும், கூட்டத் தேவையில்லை. போர்வையில் தைத்த இரகசியக் குறிகளைப் பார்த்து வழி கண்டுபிடித்தார்கள் என்ற கதையும் சில புத்தகங்களில் வரும். அழகான கதை, ஆனால் அதற்குச் சான்று போதாது என்பதே வரலாற்றாசிரியர்கள் பலரின் முடிவு.

மூன்றில் எதை முதலில் வாசிப்பது என்று கேட்டால், டக்ளஸை. பல தென் மாநிலங்களில் அடிமையாக்கப்பட்டவருக்கு எழுத்துச் சொல்லிக்கொடுப்பதையே சட்டம் தடுத்த காலம். சிறுவனாக இருந்த டக்ளஸுக்கு வீட்டுக்காரி எழுத்துச் சொல்லிக்கொடுக்கத் தொடங்கினார், கணவர் தடுத்துவிட்டார். படித்தால் இவன் அடிமையாக இருக்கமாட்டான் என்றுதான் பயம். பிறகு டக்ளஸ் வீட்டிலிருந்து பாண் எடுத்துக்கொண்டுபோய், தெருவில் பசியோடு நின்ற வெள்ளைக்காரச் சிறுவர்களுக்குக் கொடுத்து அவர்களிடம் எழுத்துக் கற்றார். இந்த இடத்தில் நான் ஒரு றாத்தல் பாணை வாங்கி மேசையில் வைப்பேன். "உங்களிட்ட இந்தப் பாண் இருக்கு, பசிக்கிது. குடுத்தா ஒரு எழுத்து. குடுப்பீங்களா?" சிலர் கொடுப்போம் என்பார்கள், சிலர் பாதியைக் கொடுப்போம் என்பார்கள். காலையில் சாப்பிடாமல் வந்த பிள்ளை ஒன்றும் சொல்லாமல் பாணையே பார்த்துக்கொண்டிருக்கும். அந்தப் பிள்ளையைக் கவனித்துக்கொள்ளுங்கள். கதை முடிந்ததும் பாணைப் பிய்த்து, சம்பலோடு எல்லோருக்கும் கொடுத்துவிடுவேன். அடுத்த கிழமை ஹென்றி, கடைசியாக ஹரியட்.

ஒன்று மட்டும். இந்தப் புத்தகங்களைக் கடைசிப் பாடவேளையில் எடுக்க வேண்டாம். மணி அடித்தவுடன் பிள்ளைகள் பையைத் தூக்கிக்கொண்டு வானுக்கு ஓடிவிடுவார்கள், கேட்காத கேள்வி வீட்டுக்குப் போய்விடும். இடைவேளைக்கு முந்திய பாடத்தில் வாசியுங்கள். மணி அடித்த பிறகும் நீங்கள் கதிரையை விட்டு எழும்பாமல், புத்தகத்தைத் திறந்தபடி வைத்துக்கொண்டு இருங்கள். கேட்க இருக்கும் பிள்ளை விளையாடப் போகாமல் மேசைக்குப் பக்கத்தில் வந்து நிற்கும்.